வாயில் பறியைக் கவ்வியிருக்கிற அம்மா மேல் ஹம்மிங் போடலாமா? முதல் ஆவணப்படம், யோசனை வேண்டும்

கரைமணல்:

எல்லோருக்கும் வணக்கம். சாலிகிராமத்தில் வீட்டிலேயே ஓர் அறையை ஸ்டுடியோ ஆக்கிக்கொண்டு 4 வருடமாக விளம்பரம், குறும்படம் என்று இசை போட்டு வருகிறேன். இப்போது முதல் முறையாக ஓர் ஆவணப்படம் வந்திருக்கிறது. 52 நிமிடம். எண்ணூரில் கொசஸ்தலை ஆற்றில் கையால் துழாவி இறால் பிடிக்கிற இருளர் பெண்களைப் பற்றியது. இசைக்கு மொத்தம் 60 ஆயிரம், வாசிக்கிறவர்களுக்குக் கொடுப்பதும் அதற்குள்தான். 4 வாரம் நேரம்.

சிக்கல் ஒரே ஒரு காட்சியில். 6 நிமிடம் ஓடும். ஓர் அம்மா மார்பளவு தண்ணீரில் இருக்கிறார். பறி என்கிற ஓலைக்கூடையைப் பல்லால் கவ்வியிருக்கிறார், இரண்டு கைகளும் தண்ணீருக்கு அடியில் சேற்றுக்குள். கேமரா நகரவே இல்லை. கையில் ஏதாவது மாட்டினால் தோள் லேசாகக் குலுங்கும், ஒரு கை மேலே வரும், இறால் கூடைக்குள் போகும், கை மறுபடி கீழே போகும். பின்னால் அனல்மின் நிலையத்துப் புகைபோக்கி. பேச்சு ஒரு சொல் கிடையாது.

இயக்குநர் எடிட்டில் ஒரு வெளிநாட்டுப் படத்தின் பெண் குரல் ஹம்மிங்கை டெம்ப்பாக (நிஜ இசை வரும்வரை தற்காலிகமாக) வைத்து இரண்டு மாதமாக அதோடேயே பார்த்துப் பழகிவிட்டார். “இதே ஃபீல் வேணும், ஆனா நம்ம மண்வாசனையோட” என்கிறார். மூன்று பிட் போட்டுக் கொடுத்துவிட்டேன். ஒன்று புல்லாங்குழல், ஒன்று ஹம்மிங், ஒன்று வெறும் ஸ்ட்ரிங்ஸ். மூன்றுக்கும் ஒரே பதில்: “நல்லா இருக்கு, ஆனா அது இல்ல.” இந்த வாக்கியத்துக்கு யாரிடமாவது அகராதி இருந்தால் சொல்லுங்கள்.

கீபோர்டுகாரன்:

தம்பி, அதற்கு அர்த்தம் “டெம்ப்பையே வாங்கிக் கொடுத்துடேன்” என்பது. கோடம்பாக்கத்தில் 18 வருடமாக ஆர்.ஆர். (பின்னணி இசை) ப்ரோகிராமிங் செய்கிறேன், இதைக் கேட்காத படம் கிடையாது.

டெம்ப்பை மெட்டாகக் கேட்காதே, கடிகாரத்தை வைத்துக்கொண்டு கேள். எந்த ஃப்ரேமில் தொடங்குகிறது, முதல் சுரத்துக்கும் இரண்டாவதுக்கும் நடுவில் எவ்வளவு இடைவெளி, எங்கே மூச்சு விடுகிறது, எங்கே நிற்கிறது. பெரும்பாலும் இயக்குநருக்குப் பிடித்திருப்பது அந்தக் குரலே இல்லை, அது நுழைகிற இடம்தான். ஒரு சின்னப் படத்தில் எனக்கு ஒன்பது பிட் திரும்பி வந்தது. பத்தாவது தடவை வெறுத்துப்போய், முதலில் அனுப்பிய அதே பிட்டை 2 வினாடி தள்ளி வைத்து அனுப்பினேன். “இப்பதான் சார் புடிச்சீங்க” என்றார்கள். இன்றுவரை அவர்களிடம் உண்மையைச் சொல்லவில்லை.

அப்புறம் அந்தப் புல்லாங்குழலைத் தூக்கிப் பெட்டிக்குள் வை. கிராமம் என்றால் குழல், சாவு என்றால் ஷெனாய், மீனவர் என்றால் ஏலேலோ, ட்ரோன் ஷாட் வந்தால் ஒரே சுரத்தில் இழுக்கிற ட்ரோன் சவுண்ட். நாங்கள் சினிமாவில் இதைச் செய்து செய்து தேய்த்துவிட்டோம், நீயாவது செய்யாதே.

வடக்குவாசல்:

நான் படம் எடுக்கிற பக்கம் இருப்பவள், அதனால் இயக்குநரைத் திட்டப்போவதில்லை. டெம்ப் வைக்காமல் எடிட் செய்வது கஷ்டம், 6 நிமிட ஷாட்டை இசை இல்லாமல் தினமும் பார்த்தால் ‘இதை வெட்டிவிடலாமா’ என்று கை அரிக்கும். அவர் வெட்டாமல் வைத்திருக்கிறார், அதற்கு முதலில் அவருக்கு ஒரு கும்பிடு.

ஆனால் தலைப்பிலேயே நீங்கள் விடையை எழுதிவிட்டீர்கள், கவனித்தீர்களா தெரியவில்லை. அந்த அம்மாவின் வாய் அடைத்திருக்கிறது. அவரால் பேச முடியாது, பாட முடியாது, இருமக்கூட முடியாது, வாயைத் திறந்தால் கூடை ஆற்றோடு போய்விடும். அந்த முகத்தின் மேல், ஏசி அறையில் பாடிய இன்னொரு பெண்ணின் தொண்டை திறந்த குரலை வைக்கிறோம். அழகாகத்தான் இருக்கும். யார் பாடுகிறார்கள் அங்கே? அந்த அம்மாவா? அவர் மனசா? அவர் மனசுக்குள் என்ன ஓடுகிறது என்று நமக்கு யார் சொன்னது? ஒருவேளை கரண்ட் பில்லைப் பற்றி யோசித்துக்கொண்டிருக்கலாம்.

கதைப்படத்தில் அந்தப் பாத்திரத்தை நாம் எழுதினோம், அதன் மனசுக்கு மெட்டுப் போட நமக்கு உரிமை உண்டு. இங்கே அவர் நிஜமான ஆள், நாளைக்கு இந்தப் படத்தை அவர் ஊரில் திரையிடும்போது முன் வரிசையில் உட்கார்ந்து பார்ப்பார்.

தந்தி_நாலு:

வயலின் வாசிக்கிறவன். மேடம் சொல்வதில் பாதி சரி, பாதிக்கு நான் சண்டைக்கு வருவேன்.

பின்னணி இசை என்றைக்குமே பாத்திரத்தின் வாயிலிருந்து வருவதில்லை. பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிறவரின் மூச்சு அது. பாலுமகேந்திராவின் ‘வீடு’ 1988-ல் வந்தது. அதில் ஓடுவது இளையராஜா 1986-ல் தனி ஆல்பமாகப் போட்ட ‘ஹவ் டு நேம் இட்’ இசை. அந்தப் படத்துக்காக ஒரு ஃப்ரேம்கூடப் பார்த்துப் போட்டது கிடையாது. ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பெண் சிமெண்டுக்கும் செங்கல்லுக்கும் அலைகிற கதைக்கு அந்த இசை அவள் மனசைச் சொல்கிறது என்று யாராவது சொல்ல முடியுமா? கூடவே நடக்கிறது, அவ்வளவுதான். அது போதும்.

2024-ல் ‘கொட்டுக்காளி’ பின்னணி இசையே இல்லாமல் வந்தது. அந்தப் படத்துக்கு அது பொருந்தியது. ஆனால் அதைப் பார்த்துவிட்டு இப்போது எல்லாச் சின்னப் படத்திலும் ‘நாங்க மியூசிக் வைக்கல சார், ரா-வா விட்டுட்டோம்’ என்கிறார்கள். லொக்கேஷன் சவுண்டை ஒழுங்காக எடுத்தவன்தான் ரா-வாக விட முடியும். மற்றவர்களுக்கு அது மிச்சம் பிடித்த கால்ஷீட் காசு.

பூம்_மைக்:

தந்தி அண்ணன் எங்கள் தொழிலை மதித்து ஒரு வார்த்தை சொல்லிவிட்டார், இன்றைக்குத் தூக்கம் வராது.

கரைமணல், அந்த 6 நிமிடத்துக்கு லொக்கேஷன் சவுண்ட் என்ன வைத்திருக்கிறீர்கள்? கேமரா மேல் இருந்த மைக் மட்டுமா, தனியாக ரெக்கார்டிஸ்ட் போனாரா? இசையைப் பற்றி யோசிக்கிற முன் அந்தக் கோப்பை ஹெட்போனில் முழுசாகக் கேளுங்கள். அந்தப் பகுதியில் ஹை டென்ஷன் லைன் ஆற்றுக்கு மேலேயே போகிறது. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், ஆனால் டிரான்ஸ்ஃபார்மரும் லைனும் இரைவது 100-ல், ஒவ்வொரு சுற்றுக்கும் இரண்டு தடவை அதிர்வதால். அந்த 100 ஹெர்ட்ஸ் உங்கள் காட்சியில் ஏற்கெனவே ஒரு தம்பூரா மாதிரி ஓடிக்கொண்டிருக்கும். நீங்கள் எந்தச் சுதியில் போட்டீர்கள்?

இன்னொன்று. தண்ணீருக்கு அடியில் என்ன சத்தம் என்று யாரும் கேட்பதில்லை. ரிச்சி ஸ்ட்ரீட்டில் சில பத்து ரூபாய்க்கு ஒரு பீசோ டிஸ்க் (அதிர்வை மின்சாரமாக மாற்றுகிற சின்னத் தட்டு) வாங்கி, வயரைச் சாலிடர் செய்து, தண்ணீர் போகாமல் ரப்பர் பூச்சு கொடுத்தால் ஏழை வீட்டு ஹைட்ரோபோன், அதாவது தண்ணீருக்குள் வைக்கிற மைக். முகத்துவாரத்துக் கலங்கல் தண்ணீரில் அதை விட்டால் கடுகு தாளிக்கிற மாதிரி படபடவென்று கேட்கும். கொடுக்கைச் சொடுக்கிச் சத்தம் போடுகிற ஒரு சின்ன இறால் இனம் இருக்கிறது, சொடுக்கும்போது உண்டாகிற குமிழ் உடைகிற சத்தம் அது. அந்த அம்மா பிடிப்பது அந்த இறால் இல்லை, ஆனால் அவர் கை போகிற இடத்தின் சத்தம் அதுதான். முதல் தடவை கேட்டபோது என் ஒயர்தான் லூஸ் என்று நினைத்து இரண்டு முறை மாற்றிப் பார்த்தேன்.

கரைமணல்:

பூம் அண்ணா, இப்போதுதான் போய் ஸ்பெக்ட்ரம் போட்டுப் பார்த்தேன். 100-ல் ஊசி மாதிரி ஒரு கோடு, 200-லும் லேசாக. நான் மூன்று பிட்டையும் ஐந்தரைக் கட்டைச் சுதியில் போட்டிருக்கிறேன், ஹம்மிங் பாடியவருக்கு அது வசதி என்று. ஐந்தரை என்றால் ஏறத்தாழ 103.8 ஹெர்ட்ஸ். இரண்டும் சேர்ந்து நொடிக்கு நாலு தடவை மோதிக்கொண்டிருக்கிறது. இயக்குநர் ஒவ்வொரு தடவையும் “என்னமோ ஒரு அவஸ்தையா இருக்கு” என்று சொன்னார், நான் அது காட்சியின் கனம் என்று பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

கீபோர்டுகாரன்:

😂 தம்பி, இதை எங்கள் எல்லோர் சார்பிலும் ஃப்ரேம் போட்டு மாட்டு.

100 என்பது ஐந்து கட்டைக்கு மேலே, ஐந்தரைக்குக் கீழே. ஐந்து கட்டை 98. எனவே கட்டை வாத்தியத்தில் சிக்காது, ப்ராஜெக்ட் முழுசையும் ஐந்து கட்டையில் வைத்து 35 சென்ட் (ஒரு செமிடோனில் நூறில் 35 பங்கு) ஏற்று, மின்வாரியம் சுதி போட்டுக் கொடுத்துவிடும். அல்லது அந்த லைன் ஹம்மை நாட்ச் செய்து, அதாவது அந்த ஒரு அலைவரிசையை மட்டும் வெட்டி, தூக்கு. ஆனால் அந்தப் படத்தில் அதைத் தூக்குவது எனக்கே மனசு வரவில்லை.

எண்ணூர்_பக்கம்:

ரொம்ப நேரமாகப் படித்துக்கொண்டிருக்கிறேன், இப்போது எழுதியே ஆகவேண்டும். நான் அந்தப் பக்கத்து ஆள், மீனவக் குடும்பம். இருளர் வேறு, நாங்கள் வேறு. ஏலேலோ எல்லாம் கடலில் வலை இழுக்கிற பாட்டு, பத்துப் பேர் சேர்ந்து ஒரே மூச்சில் இழுக்கத்தான் அந்தப் பாட்டு. ஆற்றில் தனித்தனியாகத் துழாவுகிறவர்களுக்கு அது எதற்கு? படம் எடுக்க வருகிறவர்கள் இரண்டையும் ஒரே சட்டியில் போட்டுக் கிண்டிவிடுகிறார்கள்.

பறையும் அப்படித்தான். வடசென்னை என்று போர்டைக் காட்டினாலே பறை அடிக்க ஆரம்பித்துவிடுகிறார்கள். அந்த வாத்தியத்து மேல் எனக்கு மரியாதை உண்டு, அதனால்தான் சொல்கிறேன்.

அப்புறம் சோகம். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் கலந்து முகத்துவாரத்துக்கு வந்தபோது படகு, வலை, அலையாத்தி மரம் எல்லாம் கறுத்துப்போனது. கேமராக்கள் வந்தன. எல்லா வீடியோவிலும் ஒரே வயலின் அழுகை (தந்தி அண்ணன் கோபித்துக்கொள்ளக் கூடாது). அந்த அம்மாக்கள் கரைக்கு வந்து கூடையை இறக்கி வைத்தால் என்ன பேச்சு பேசுவார்கள் தெரியுமா? வியாபாரி ஒருத்தன் விலையைக் குறைத்துக் கேட்டால் அவன் ஏழு தலைமுறையும் எழுந்து உட்காரும். அந்தக் காட்சி உங்கள் படத்தில் இருக்கிறதா?

கரைமணல்:

இருக்கிறது! அடுத்த காட்சியே அதுதான். பறியை வாயிலிருந்து எடுத்து, தாடையைக் கையால் தேய்த்துவிட்டு, முதல் வார்த்தையே ஒரு கெட்ட வார்த்தை. இயக்குநர் அங்கேயும் ஹம்மிங்கை லேசாக இழுத்துக்கொண்டு போயிருக்கிறார், பேச்சுக்கு அடியில்.

வடக்குவாசல்:

பேட்டிக்கு அடியில் பேட் (மெல்ல இழுத்துக்கொண்டே போகிற இசை) வைக்கிற வியாதி எங்களுக்கு எல்லோருக்கும் உண்டு. பேச்சு போர் அடிக்குமோ என்கிற பயம்தான், வேறொன்றுமில்லை. அந்தக் கெட்ட வார்த்தைக்கு அடியில் எதுவும் ஓடக்கூடாது. அது தனியாக வந்து விழட்டும்.

எடிட்_டேபிள்:

இசையைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது, ஆனால் நாளைக்கு அழப்போவது யார் என்று தெரியும். டைம்லைன் நொடிக்கு 24 ஃப்ரேமா 25-ஆ?

25-ல் எடிட் செய்து, அப்புறம் விழாவுக்காக 24-ல் டி.சி.பி. (தியேட்டரில் ஓட்டுகிற டிஜிட்டல் பிரதி) கேட்டு, ஆய்வகத்தில் வேகத்தைக் குறைத்து மாற்றினால் 52 நிமிடப் படம் 54 நிமிடம் 10 வினாடி ஆகிவிடும். சத்தமும் முக்கால் செமிடோன் அளவுக்கு இறங்கும். இசை, ஹம், பேச்சு எல்லாம் ஒரே மிக்ஸில் இருந்தால் சேர்ந்தே இறங்கும், யாருக்கும் தெரியாது. ஆனால் மாற்றிய பிறகு “இந்த பிட் மட்டும் புதுசா அனுப்புறேன்” என்று நீங்கள் பழைய கணக்கில் ஒன்று அனுப்பினால் உங்கள் மின்வாரிய சுதி 96-க்கு இறங்கியிருக்கும், நீங்கள் 100-லேயே நிற்பீர்கள். 6 நிமிடக் காட்சியில் 15 வினாடி தள்ளியும் போயிருக்கும். முதலிலேயே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், ஸ்டெம் (வாத்தியவாரியாகப் பிரித்த டிராக்) தனித்தனியாக, எல்லா ஸ்டெம்மும் ஒரே இடத்தில் தொடங்கவேண்டும். லிமிட்டரைப் போட்டு நசுக்கி அனுப்பாதீர்கள், மிக்ஸ் செய்கிறவருக்கு அசைய இடம் வேண்டும். கோப்பின் பெயரில் ‘ஃபைனல்_புதுசு_2’ என்று போட்டால் நானே வீட்டுக்கு வருவேன்.

காகிதம்_முக்கியம்:

யாரும் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். ஒப்பந்தம் போட்டீர்களா? வாட்ஸ்அப்பில் ‘60 ஓகே ப்ரோ’ என்பது ஒப்பந்தம் இல்லை.

பதிப்புரிமைச் சட்டம் 1957. அதில் 2012-ல் வந்த திருத்தம் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் பெரிய விஷயம். படத்தில் சேர்த்த இசை, தியேட்டரில் படத்தோடு ஓடுவது தவிர வேறு எந்த வழியில் பயன்பட்டாலும் அதன் ராயல்டியில் சரிபாதி உங்களுக்கு. இதை வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் எழுதிக் கொடுக்கவே முடியாது, கொடுத்தாலும் செல்லாது. ‘எல்லா உரிமையும் நிரந்தரமாக’ என்று ஒரு காகிதம் வந்தால் பதறாமல் இந்த வரியைக் காட்டுங்கள். சின்னப் படத் தயாரிப்பாளர்கள் பலருக்கு இது தெரியாது, கெட்ட எண்ணம் எல்லாம் இல்லை, எங்கிருந்தோ எடுத்து ஒட்டிய காகிதம் அது.

இயக்குநருக்கும் ஒரு எச்சரிக்கை. உரிமை மாற்று ஒப்பந்தத்தில் காலத்தைக் குறிப்பிடாவிட்டால் 5 வருடம் என்றும், எந்தெந்த நாடு என்று குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்றும் சட்டம் எடுத்துக்கொள்ளும். வெளிநாட்டு விழாவுக்குப் படம் போகவேண்டும் என்றால் அவர்தான் இதில் முதலில் அக்கறைப்படவேண்டும்.

ஐ.பி.ஆர்.எஸ். என்கிற, இசைக்கு ராயல்டி வசூலித்துத் தருகிற பதிப்புரிமைச் சங்கம் 1969-லிருந்து இருக்கிறது, உறுப்பினராகி ஒவ்வொரு பிட்டின் பெயர், நீளம், எங்கே வருகிறது என்று க்யூ ஷீட் கொடுத்து வையுங்கள். ஆவணப்படத்தில் பெரிசாக ஒன்றும் வராது. என்றைக்காவது ஏதாவது சேனலில் ஓடினால் அந்தக் காகிதம்தான் பேசும். படத்தில் எங்காவது டீக்கடை ரேடியோவில் சினிமாப் பாட்டு ஓடுகிறதா என்றும் பாருங்கள். பேட்டிக்குப் பின்னால் ஓடிவிட்டால் பாட்டுக்கும் ஒலிப்பதிவுக்கும் தனித்தனியாக அனுமதி கேட்கவேண்டி வரும், பேச்சிலிருந்து அதைப் பிரித்தெடுப்பது பெரும்பாடு.

தந்தி_நாலு:

60 ஆயிரத்தை எப்படிச் செலவழிக்கப் போகிறாய் தம்பி? சாம்பிள் ஸ்ட்ரிங்ஸ் 30 டிராக் அடுக்காதே. ஒரே ஒரு நிஜ வாத்தியம், ஒரு ஆள், ஒரு நாள். வாசிக்கிறவனுக்குப் படத்தைக் காட்டு. கால்ஷீட்டில் முக்கால்வாசி நேரம் எங்களுக்கு நோட்டேஷன்தான் வரும், எந்தக் காட்சி என்றே தெரியாமல் வாசித்துவிட்டுக் காபி குடித்துவிட்டு வீட்டுக்குப் போவோம். படத்தைப் பார்த்து வாசித்தால் வில் தானாகவே இறங்கும்.

கரைமணல் (மூன்று வாரம் கழித்து):

மிக்ஸ் முடிந்தது, நடந்ததை எழுதிவிடுகிறேன்.

முதலில் எண்ணூருக்குப் போனேன். பூம் அண்ணா சொன்ன மாதிரி ரிச்சி ஸ்ட்ரீட் டிஸ்க் இரண்டு. ஒன்று தண்ணீர் புகுந்து செத்தது. இன்னொன்றில் கடுகு தாளிப்பு கிடைத்தது, 11 நிமிடம். அதே அம்மாவிடம் பறியை வாங்கிக் கையில் பிடித்து அமுக்கினேன், ஓலை நனைந்திருக்கும்போது ஒரு விதமாகவும் காய்ந்தால் வேறு விதமாகவும் முனகுகிறது, அதையும் எடுத்தேன். “எதுக்குப்பா கூடைக்கு மைக்கு வெக்கிற?” என்று கேட்டார். சரியான பதில் வரவில்லை எனக்கு.

6 நிமிடத்தில் முதல் 4 நிமிடம் 40 வினாடி இசை கிடையாது. லைன் இரைச்சல், தண்ணீர், ஓலை. கை மேலே இருக்கும்போது மேல் சத்தம், கை உள்ளே போய் நீண்ட நேரம் வெளியே வராதபோது மெல்ல அடித் தண்ணீர்ச் சத்தம். அதற்கப்புறம் ஒரே ஒரு செல்லோ, 100 ஹெர்ட்ஸுக்குச் சுதி சேர்த்து. எங்கே தொடங்குகிறது என்று தெரியவே தெரியாது, இரைச்சல்தான் கொஞ்சம் கொஞ்சமாக மரமாக மாறுகிற மாதிரி இருக்கும். வாசித்தவருக்கு லாப்டாப்பில் படத்தைப் போட்டுக் காட்டினேன். நாலாவது டேக்கில் அவர் தோளும் அந்த அம்மா தோளும் சேர்ந்து குலுங்கியதைப் பார்த்தேன், அதைத்தான் வைத்திருக்கிறேன். அம்மா பறியை வாயிலிருந்து எடுப்பதற்கு 12 ஃப்ரேம் முன்னால் வில் நின்றுவிடும். தாடையைத் தேய்க்கிற சத்தம் கேட்கிறது. அப்புறம் அந்த வார்த்தை.

இயக்குநரிடம் ஒரு சின்ன வேலை செய்தேன், கீபோர்டு அண்ணன் கற்றுக்கொடுத்தது. டெம்ப் ஹம்மிங் எந்த இடத்தில் மூச்சு விட்டதோ அதே இடங்களில் செல்லோவிலும் இடைவெளி விட்டேன். பார்த்துவிட்டு ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு “அவங்க மூச்சு மாதிரியே இருக்குடா” என்றார். அது டெம்ப் பாடகியின் மூச்சு என்று நான் சொல்லவில்லை.

வடக்குவாசல்:

ஆக அந்த வெளிநாட்டுப் பாடகி படத்தை விட்டுப் போகவே இல்லை. எனக்குச் சிரிப்பு வருகிறது, கொஞ்சம் எரிச்சலாகவும் இருக்கிறது. ஆனால் 4 நிமிடம் 40 வினாடி விட்டிருக்கிறீர்களே, அதைப் பார்க்க வருவேன். ஊரில் திரையிடும்போது சொல்லுங்கள்.

எடிட்_டேபிள்:

24-ஆ 25-ஆ என்று இன்னும் பதில் வரவில்லை.

கரைமணல்:

25. டி.சி.பி.-யும் 25-லேயே. எழுதி வாங்கிவிட்டேன் அண்ணா, கோபிக்காதீர்கள்.

இன்னொரு விஷயம், சொல்ல வெட்கமாக இருக்கிறது. டிரெய்லர் ஒன்றரை நிமிடம், இயக்குநர் அதில் விட்டுக்கொடுக்க மாட்டேன் என்கிறார், ஹம்மிங் வேண்டுமாம். வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பவேண்டும். பெண் குரல், ஐந்து கட்டைக்குக் கொஞ்சம் மேலே, 35 சென்ட். யாராவது இருந்தால் உள்பெட்டிக்கு வாருங்கள், பாடுகிறவருக்குக் கொடுக்க 5 ஆயிரம் ஒதுக்கி வைத்திருக்கிறேன்.